ஷும்புல்தா தாளை முதலில் புரட்டுங்கள்: மண்டேய நாட்காட்டிகள், ஆப்கள் ஒரு மதிப்பீடு

மண்டேய நாட்காட்டி எதை வாங்கினாலும் முதலில் திறக்க வேண்டியது எட்டாம் மாதமான ஷும்புல்தாவின் தாள். அட்டைப்படம், முதல் மாதம், வாழ்த்துரை எல்லாம் அப்புறம். இந்த ஒரு மாதம் சரியாக இருந்தால் மற்ற பதினொன்றும் பெரும்பாலும் சரியாகவே இருக்கும். இது தவறினால் அடுத்த நான்கு மாதங்களும் சேர்ந்து தவறும், புத்தாண்டும் தவறும். சுவரில் மாட்டும் ஒற்றைத்தாள் காலண்டர், மாதத்துக்கு ஒரு தாள் என்று புரட்டும் காலண்டர், போன் ஆப், இணையத்தில் தேதி மாற்றித் தரும் பக்கம், வீட்டிலேயே எக்செல்லில் போட்டுக்கொள்ளும் கணக்கு என எல்லா வகைக்கும் இதே சோதனைதான்.

மண்டேயர்கள் ஈராக்கின் டைக்ரிஸ், யூப்ரடீஸ் கரைகளிலும் ஈரானின் கூசெஸ்தானில் காரூன் ஆற்றங்கரையிலும் தொன்றுதொட்டு வாழ்ந்துவரும் சிறு சமயத்தவர். யஹ்யா யூஹானா என்று அவர்கள் அழைக்கும் திருமுழுக்கு யோவானைத் தங்கள் பெரும் ஆசானாகப் போற்றுகிறார்கள். ஓடும் நீரில் மூழ்கி எழும் மஸ்பூத்தா அவர்களுடைய வழிபாட்டின் நடுநாயகம். 2003-க்குப் பிறகு ஈராக்கில் இருந்தவர்களில் பெரும்பாலோர் நாட்டைவிட்டு வெளியேறினார்கள். சிட்னி, தெற்கு ஸ்வீடன், நெதர்லாந்து, அமெரிக்காவின் டெட்ராய்ட் என்று இன்று பல ஊர்களில் பரவியிருக்கிறார்கள். ஆற்றங்கரைத் தெருவில் வாழ்ந்த காலத்தில் குருவிடம் கேட்டால் தேதி தெரிந்துவிடும். அடுத்த குரு நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி இருக்கும் குடும்பத்துக்கு, சுவரில் தொங்கும் அந்தத் தாள்தான் குருவின் வாய்ச்சொல்லுக்குப் பதில் நிற்கிறது. அதில் ஒரு நாள் பிசகினால் சடங்கே பிசகும்.

ஆண்டின் கட்டமைப்பு எளிது. பன்னிரண்டு மாதங்கள், ஒவ்வொன்றும் 30 நாள், ஆக 360. எட்டாம் மாதம் முடிந்து ஒன்பதாம் மாதம் தொடங்கும் முன் எந்த மாதத்திலும் சேராத ஐந்து நாட்கள். மொத்தம் 365. லீப் ஆண்டு என்ற ஏற்பாடே கிடையாது. மாதங்கள் வரிசையாக: தவ்லா, நூனா, உம்பாரா, தௌரா, சில்மியா, சர்தானா, அரியா, ஷும்புல்தா. பிறகு பர்வானாயா என்ற ஐந்து நாள். அதன்பின் கைனா, அர்க்பா, ஹத்தியா, கத்யா. தமிழ் வாசகருக்கு இந்த வரிசை பழகியதே. கும்பத்தில் தொடங்கி மீனம், மேஷம், ரிஷபம் என்று போய் மகரத்தில் முடிகிறது. ஷும்புல்தா கன்னி, கைனா துலாம்.

ஐந்து உபரி நாளை ஆண்டின் கடைசியில் வைக்காமல் எட்டாம் மாதத்துக்குப் பின் வைத்தது பலருக்கு விசித்திரமாகத் தெரியும். சாசானியர் காலத்து ஜொராஷ்டிர நாட்காட்டியிலும் உபரி ஐந்து நாட்கள் எட்டாம் மாதமான ஆபானின் பின்னால்தான் இருந்தன. 11-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் அவை ஆண்டிறுதிக்கு மாறின. இந்தியப் பார்சிகளின் ஷாஹன்ஷாஹி நாட்காட்டியும் லீப் நாள் இல்லாத 365 நாள் ஆண்டு என்பதால், அதைக் கணக்கிட்டுப் பழகியவர்களுக்கு மண்டேய ஆண்டின் நகர்வு உடனே பிடிபடும். ஆனால் பார்சிக் கணக்கை அப்படியே நகலெடுத்து மாதப்பெயரை மட்டும் மாற்றி மண்டேயக் கணக்கு என்று சொல்லிவிட முடியாது. ஐந்து நாள் உட்காரும் இடம் வேறு.

ஏன் ஷும்புல்தா?

இரண்டு கண்ணிகள் இந்த ஒரே மாதத்தை ஒட்டி அமைந்திருக்கின்றன. ஒன்று, மாதம் முடிந்த கையோடு வரும் அந்த ஐந்து நாள். இன்னொன்று, நம் காலத்தில் பிப்ரவரி 29 விழுவது ஷும்புல்தாவுக்குள். நாட்காட்டி அச்சிடுகிறவர்களும் ஆப் எழுதுகிறவர்களும் இந்த இரண்டில் ஏதாவது ஒன்றில்தான் சறுக்குகிறார்கள்.

எண்களோடு பார்க்கலாம். கணக்கு புரிவதற்காக மட்டும் தவ்லா 1 ஜூலை 17 அன்று விழுவதாக வைத்துக்கொள்வோம். அதிலிருந்து 210 நாள் கழித்து ஷும்புல்தா 1 வரும்: பிப்ரவரி 12. சாதாரண ஆண்டில் ஷும்புல்தா 30 என்பது மார்ச் 13, பர்வானாயா மார்ச் 14 முதல் 18 வரை, கைனா 1 மார்ச் 19. பிப்ரவரிக்கு 29 நாள் உள்ள ஆண்டில் ஷும்புல்தா 17 வரை எந்த மாற்றமும் இராது. ஷும்புல்தா 18-க்கு நேரே பிப்ரவரி 29 வந்து உட்காரும். அதற்குப் பிறகு எல்லாமே ஆங்கிலத் தேதியில் ஒரு நாள் முந்தும்: ஷும்புல்தா 30 மார்ச் 12, பர்வானாயா மார்ச் 13 முதல் 17, கைனா 1 மார்ச் 18. அடுத்த தவ்லா 1 ஜூலை 16 ஆகிவிடும். அந்த முந்தல் அதன்பிறகு திரும்பி வராது. நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் முந்திக்கொண்டே போகும் இந்த நாட்காட்டி பருவங்களை ஒரு முழுச் சுற்று சுற்றிவர ஏறத்தாழ 1,500 ஆண்டுகள் ஆகும்.

மலிவாக அச்சடிக்கும் காலண்டர்களில் நடக்கும் பிழை இதுதான்: சென்ற ஆண்டுக் கோப்பைத் திறந்து, ஆண்டின் எண்ணையும் கிழமைகளையும் மட்டும் மாற்றி அச்சுக்கு அனுப்பிவிடுவது. லீப் இல்லாத ஆண்டுகளில் இது தெரியவே தெரியாது, எல்லாம் பொருந்திவிடும். லீப் ஆண்டில் ஷும்புல்தா 18-இலிருந்து ஒவ்வொரு நாளும் ஒன்று பிந்திக் காட்டும். அடுத்த பிப்ரவரி 29 வருவது 2028-இல். அந்த ஆண்டுக்கான காலண்டரை வாங்கும்போது பிப்ரவரி, மார்ச் பக்கங்களை விரலால் ஒவ்வொன்றாக எண்ணிப் பாருங்கள். ஷும்புல்தாவில் 30 கட்டங்கள் இருக்க வேண்டும். 29-ஓ 31-ஓ இருந்தால் அந்தக் காலண்டரைத் திருப்பிக் கொடுத்துவிடலாம்.

எண்ணாமலே பிழையைப் பிடிக்க ஒரு நல்ல வழி உண்டு. 210 நாள் என்பது மிகச் சரியாக 30 வாரம். அதனால் தவ்லா 1 எந்தக் கிழமையோ, ஷும்புல்தா 1-உம் அதே கிழமை. ஷும்புல்தாவின் 30 நாளும் பர்வானாயாவின் 5 நாளும் சேர்ந்து 35, அதாவது 5 வாரம். ஆகவே கைனா 1-உம் அதே கிழமை. மூன்று தேதிகளும் ஒரே கிழமையில் நிற்கவில்லை என்றால் எங்கோ ஒரு நாள் நழுவியிருக்கிறது. கைனா 1 மட்டும் கிழமை மாறி, ஷும்புல்தா 1-ஐவிட இரண்டு கிழமை தள்ளி நின்றால், பர்வானாயாவையே விட்டுவிட்டார்கள் என்று பொருள். அடுத்த ஆண்டின் தவ்லா 1 ஒரு கிழமை தள்ளி வர வேண்டும். மண்டேயர்கள் ஓர் ஆண்டை அது தொடங்கும் கிழமையின் பெயரால் குறிப்பிடும் மரபும் உண்டு என்பதால், இந்தக் கிழமையைத் தவறாகப் போடுவது ஆண்டின் பெயரையே தவறாக எழுதியதாகும். கடையில் நின்றபடியே ஒரு நிமிடத்தில் செய்துவிடலாம் இந்தச் சோதனையை. லீப் ஆண்டுப் பிழையைக்கூட இது காட்டிக் கொடுக்கும்.

மாதத்தின் உள்ளே என்ன இருக்க வேண்டும்

தேதி சரியாக இருப்பது பாதி வேலை. ஷும்புல்தாவின் கடைசி ஐந்து நாள், அதாவது 26 முதல் 30 வரை, மபத்தல் நாட்கள். இருளின் அதிபதிகளுக்குரியவையாகக் கருதப்படும் இந்நாட்களில் மஸ்பூத்தா கிடையாது, திருமணம் கிடையாது, சடங்குமுறைப்படி விலங்கை அறுப்பதும் கிடையாது. அடுத்த காலையே பர்வானாயா: ஆண்டிலேயே மிகத் தூய ஐந்து நாள். ஒளியுலகின் கதவுகள் திறந்திருக்கும் காலம் என்பதால் ஐந்து பகலும் இடையிலுள்ள இரவுகளும் இருளே இல்லாத ஒரே பகலாகக் கொள்ளப்படுகின்றன. இரவிலும் சடங்கு செய்யலாம். மற்றக் காலத்தில் மஸ்பூத்தாவுக்கு ஞாயிற்றுக்கிழமையான ஹப்ஷபா வரை காத்திருப்பவர்கள் இந்த ஐந்தில் எந்த நாளிலும் ஆற்றில் இறங்கலாம். மிகக் கடுமையான தடைக்காலமும் மிகப் பெரிய திறப்பும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்பதுதான் இந்த மாத முடிவின் தனித்தன்மை.

இதை அச்சில் காட்டுவதில்தான் பெரும்பாலான காலண்டர்கள் தோற்கின்றன. விசேஷ நாள் என்றாலே சிவப்பு என்று வைத்துக்கொண்டு, 26-30 நாட்களையும் பர்வானாயாவையும் ஒரே சிவப்பில் அச்சிட்டுவிடுகிறார்கள். பத்து நாள் தொடர்ந்து சிவப்பாக இருந்தால் பார்ப்பவருக்குப் பத்து நாள் விழா என்றுதான் தோன்றும். தடை எது, விழா எது என்பது ஒரு பார்வையில் பிரிய வேண்டும். சாம்பல் நிறப் பின்னணியும் குறுக்குக் கோடும் மபத்தலுக்கு, வெள்ளைப் பின்னணியில் தடித்த கட்டம் பர்வானாயாவுக்கு என்பது நல்ல ஏற்பாடு. நிறத்தை மட்டும் நம்பக் கூடாது. பலர் காலண்டரைப் படமெடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பி, வாங்கியவர் அதைக் கறுப்பு வெள்ளையில் பிரிண்ட் எடுத்து ஒட்டிக்கொள்கிறார். சிவப்பும் பச்சையும் அப்போது ஒரே சாம்பலாகிவிடும். கோடு போட்ட கட்டம் எந்த பிரிண்டிலும் தப்பிக்கும்.

நல்ல நாட்காட்டி ஒன்றில் நாம் பாராட்டும் இன்னொரு அம்சம், ஷும்புல்தா 25-ஐத் தனியாகக் குறிப்பது. தடை தொடங்குமுன் உள்ள கடைசி நாள் அது. இறைச்சிக்கு ஆட்டையோ கோழியையோ அறுப்பதானால் அதற்குள் முடிக்க வேண்டும். திருமணத்துக்கு நாள் பார்ப்பவர்களும் அதற்கு முந்திய ஹப்ஷபாவையே கடைசி வாய்ப்பாகக் கொள்ள வேண்டும். குடும்பத்துக்கு உண்மையில் உதவுவது இந்த முன்னறிவிப்புதான். 26-ஆம் தேதிக் கட்டத்தில் "மபத்தல்" என்று அச்சடித்து அன்று காலையில் பார்க்க வைப்பதில் பயன் குறைவு.

மபத்தல் ஐந்தில் ஒரு ஞாயிறு சிக்குமா என்பதையும் கிழமைக் கணக்கே சொல்லிவிடும். தவ்லா 1 வியாழன் அல்லது வெள்ளியில் தொடங்கிய ஆண்டுகளில் 26-30-க்குள் ஞாயிறே வராது. மற்ற ஐந்து கிழமைகளில் தொடங்கிய ஆண்டுகளில் ஒரு ஞாயிறு உள்ளே மாட்டும், அந்த ஞாயிற்றின் மஸ்பூத்தா நடக்காது. ஞாயிறு தவறாமல் மந்தி என்னும் வழிபாட்டிடத்துக்குப் பயணம் செய்யும் குடும்பத்துக்கு இது தெரிந்திருக்க வேண்டிய தகவல். அந்த ஞாயிற்றை மற்ற ஞாயிறுகளைப் போலவே தடித்த எழுத்தில் போட்டிருக்கும் காலண்டர் நாட்களைச் சரியாக எண்ணியிருக்கிறது, வழிபாட்டைக் கவனிக்கவில்லை.

இறப்பு நாள் கணக்கு

நாட்காட்டியின் பிழை மனதைப் புண்படுத்தும் இடம் இது. ஒருவர் இறந்தால் ஆன்மா மூன்றாம் நாள் உடலை விட்டுப் புறப்பட்டு, 45 நாள் பயணம் செய்து, ஆன்மாக்களை எடைபோடும் அபாத்தூரின் தராசை அடைகிறது என்பது மண்டேயர் நம்பிக்கை. அதையொட்டி 3, 7, 45-ஆம் நாட்களில் இறந்தவருக்காக லோஃபானி என்னும் நினைவுணவு படைக்கப்படுகிறது. ஒருவர் ஷும்புல்தா 10-இல் மறைந்தார் என்று கொள்வோம். மறைந்த நாளை ஒன்று என்று எண்ணினால் ஷும்புல்தா 30 என்பது 21-ஆம் நாள், பர்வானாயாவின் ஐந்தாம் நாள் 26-ஆம் நாள், கைனா 19 என்பது 45-ஆம் நாள். பர்வானாயாவைக் கட்டத்துக்குள் சேர்க்காமல் தாளின் ஓரத்தில் சிறு எழுத்தில் போட்டிருக்கும் காலண்டரில் விரல் வைத்து எண்ணுபவர் நேரே ஷும்புல்தா 30-இலிருந்து கைனா 1-க்குத் தாவுவார். கைனா 24-இல் போய் நிற்பார். ஐந்து நாள் தள்ளிப்போன 45-ஆம் நாள்.

மபத்தல் நாளில் மறைந்தவர்களுக்கும், சடங்கு உடையான வெள்ளை ரஸ்தா அணிவிக்கப்படாமல் மறைந்தவர்களுக்கும் பிறகு அஹாபா த-மானியா என்ற சடங்கு தேவைப்படுகிறது. அதற்குரிய காலம் பர்வானாயா. முன்னோர் அனைவருக்குமான தபாஹாதா மசிக்தா என்னும் சடங்கும் ஆண்டில் இந்த ஐந்து நாளில்தான் நடக்கும். எனவே பெயர்ப் பட்டியலை குருவான தர்மிதாவிடமோ தலைமைக் குருவான கன்ஸிப்ராவிடமோ கொடுக்க ஷும்புல்தா முதல் பாதியே ஏற்ற காலம். பட்டியலில் எழுதவேண்டியது ஊரார் அழைக்கும் பெயரன்று, தாயின் பெயரோடு சேர்ந்த மல்வாஷா என்னும் சமயப் பெயர். குறிப்பெழுத இடம் விட்டு அச்சிட்ட காலண்டர்களுக்கு இதனால் கூடுதல் மதிப்பு தரலாம். கட்டத்தின் அகலம் இரண்டு விரலாவது இருந்தால்தான் அரபி எழுத்தில் ஒரு முழுப் பெயரை எழுத முடியும்.

வகைவாரியாக

ஒற்றைத்தாள் சுவர் காலண்டர் முழு ஆண்டையும் ஒரே பார்வையில் காட்டுகிறது. தௌரா 18-இல் வரும் தெஹ்வா ஹனீனா விழா, சர்தானா 1-இல் நீரில் மாண்டோரை நினைத்துத் தானியக் கஞ்சி சமைக்கும் அஷூரியா, ஹத்தியா 1-இல் குழந்தைகள் முதல் மஸ்பூத்தா பெறும் தெஹ்வா தைமானா ஆகியவற்றை அடுத்தடுத்துப் பார்க்க அது வசதி. குறை அதன் வடிவமைப்பில் இருக்கிறது. பன்னிரண்டு கட்டங்களை 3×4 என்று அழகாக அடுக்கியதும் பர்வானாயாவுக்கு இடமில்லாமல் போகிறது, அது அடிக்குறிப்பாகிவிடுகிறது. எட்டாம் கட்டத்துக்கும் ஒன்பதாம் கட்டத்துக்கும் நடுவே தனிப்பட்டையாக அதை வைத்திருக்கும் பதிப்பை மட்டும் வாங்குங்கள்.

ஜனவரி முதல் டிசம்பர் வரை ஓடும் பன்னிரண்டு தாள் காலண்டரில் ஆங்கிலத் தேதி பெரிதாகவும் மண்டேயத் தேதி மூலையில் சிறிதாகவும் இருக்கும். பள்ளி, அலுவலகம் என்று ஓடும் குடும்பத்துக்கு நடைமுறையில் கைகொடுப்பது இதுவே. இரண்டு குறைகளை முன்பே தெரிந்துகொண்டு வாங்கலாம். ஷும்புல்தா பிப்ரவரித் தாளிலும் மார்ச் தாளிலும் பாதிப்பாதியாக உடைகிறது, தடை தொடங்குவது அடுத்த தாளில் ஒளிந்திருக்கும். மேலும் ஜூலை நடுவில் மண்டேய ஆண்டு மாறுகிறது. முதல் ஆறரை மாதம் ஓர் ஆண்டு, மீதி அடுத்த ஆண்டு. தலைப்பில் ஒரே ஆண்டு எண்ணைப் போட்டிருந்தால் அது பாதிக்காலம் பொய். ஆதாமின் படைப்பிலிருந்து எண்ணும் 4,45,000-ஐத் தாண்டிய அந்தப் பெரிய எண்ணை அச்சிடும் காலண்டர்கள், அது மாறும் நாளையும் ஜூலைத் தாளில் காட்ட வேண்டும்.

நம் தேர்வு, தவ்லாவில் தொடங்கி கத்யாவில் முடியும் பதின்மூன்று தாள் காலண்டர். பன்னிரண்டு மாதத்துக்குப் பன்னிரண்டு, பர்வானாயாவுக்கென்று தனியாக ஒன்று. ஐந்து நாளுக்கு ஒரு முழுத் தாளா என்று அச்சகத்தார் கேட்பார்கள். அந்தத் தாளில் ஐந்து பெரிய கட்டங்களும், நாளுக்கு நாள் நடக்கும் சடங்குகளும், கீழே பெயர்ப் பட்டியலுக்குக் கோடுகளும் போட்டால் அதுவே ஆண்டில் அதிகம் பயன்படும் தாளாகிவிடும். இந்த வகையில் இன்னொரு வசதியும் இருக்கிறது. மண்டேயத் தேதியும் கிழமையும் சேரும் அமைப்பு ஏழு ஆண்டுக்கு ஒருமுறை அச்சுப் பிசகாமல் திரும்பும், ஏனெனில் லீப் நாள் குறுக்கிடுவதில்லை. ஏழு அச்சுத்தட்டுகள் இருந்தால் போதும், ஆங்கிலத் தேதியை மட்டும் ஒவ்வோர் ஆண்டும் புதிதாகப் பதிக்கலாம். ஆங்கிலத் தேதியை அடிப்படையாக வைத்த காலண்டரில் இந்தச் சிக்கனம் கிடையாது.

ஈரானிய மண்டேயர்களுக்கான பதிப்பில் பாரசீக சூரியத் தேதி பக்கத்தில் இருக்கும். அங்கே லீப் நாள் இஸ்ஃபந்த் மாதத்தின் 30-ஆம் நாளாக மார்ச் 20 வாக்கில் வருவதால், தடுமாற்றம் ஷும்புல்தாவைத் தாண்டி கைனாவின் தொடக்கத்தில் ஏற்படுகிறது. பாரசீக லீப் நாளும் ஆங்கில லீப் நாளும் எப்போதும் ஒரே ஆண்டில் வர வேண்டியதில்லை. இரண்டு தேதிகளையும் சேர்த்து அச்சிடும் காலண்டர்களில் இந்த இரண்டு இடங்களையும் தனித்தனியே பாருங்கள்.

பெயர்க் குழப்பம் எல்லா வகையிலும் உண்டு, இதைப் பொறுத்துக்கொள்ளவே கூடாது. ஒவ்வொரு மாதத்துக்கும் ராசிப்பெயர், பழைய மாதப்பெயர், பருவப்பெயர் என மூன்று இருக்கின்றன. ஷும்புல்தாவின் பழைய மாதப்பெயர் ஐலூல். ஆனால் ஈராக்கில் அன்றாடம் புழங்கும் அரபு மாதங்களில் ஐலூல் என்றால் செப்டம்பர். அரபியில் "ஐலூல் 26" என்று மட்டும் அச்சிட்டால் பாக்தாத்தில் வளர்ந்த யாரும் செப்டம்பருக்கே போவார்கள். தவ்லாவுக்கும் அதே கதி: அதன் இன்னொரு பெயர் ஷபாத், ஈராக்கியருக்கு ஷுபாத் என்றால் பிப்ரவரி, தவ்லா வருவதோ ஜூலையில். ராசிப்பெயரே தலைப்பில் பெரிதாக இருக்க வேண்டும். பழைய பெயரை அடியில் சிறிதாகப் போடலாம்.

பருவப்பெயரை அச்சிடுவதா விடுவதா என்பது பதிப்பாளர் விருப்பம். ஷும்புல்தா "கோடையின் நடுமாதம்", தவ்லா "குளிர்காலத்தின் முதல் மாதம்". நகர்ந்துபோன நாட்காட்டியில் இவை ஈராக்கின் இன்றைய பருவத்தோடு ஒட்டவில்லை, பிப்ரவரியில் பாக்தாத்தில் கோடையில்லை. வியப்பு என்னவென்றால், தென்கோளத்தில் உள்ள சிட்னியில் ஜூலை மெய்யாகவே குளிர்காலம், பிப்ரவரி மெய்யாகவே கோடை. இடம்பெயர்ந்த இடத்தில் பழைய பெயர்கள் ஓரளவு மீண்டும் பொருந்துகின்றன. ஆனால் ராசிப்பெயரைக் கண்டு, பத்திரிகை ராசிபலனில் கன்னிக்குரிய ஆகஸ்ட்-செப்டம்பர் தேதிகளை ஷும்புல்தாவின் பக்கத்தில் அச்சடிப்பவர்களும் இருக்கிறார்கள். அந்தக் காலண்டரைச் சீந்த வேண்டாம். மல்வாஷாப் பெயர் வைக்கக் குருக்கள் அஸ்ஃபார் மல்வாஷியா என்னும் ராசிநூலைக் கொண்டு கணக்கிடும்போது மண்டேய மாதத்தையே எடுக்கிறார்கள், வானத்தில் சூரியன் நிற்கும் ராசியை எடுப்பதில்லை.

ஆப்களும் எக்செல்லும்

போன் ஆப்களில் மூன்று இடங்களைச் சோதிக்க வேண்டும். முதலாவது பர்வானாயா. மார்ச் நடுவில் ஒவ்வொரு தேதியாகத் தட்டிப் பாருங்கள். "ஷும்புல்தா 31" அல்லது "பர்வானாயா 0" என்று வந்தால் நிரலில் எல்லைக் கணக்கு தவறு. இரண்டாவது நேர வலயம். உலகப் பொதுநேரமான யூடிசியை அப்படியே எடுத்துக்கொள்ளும் ஆப், மார்ச் மாதத்தில் சிட்னியில் காலை 11 மணி வரை முந்தைய நாளைக் காட்டும், அங்கே அப்போது கோடைநேரம் நடப்பில் இருப்பதால். ஞாயிறு காலை ஆற்றங்கரையில் நிற்பவருக்கு ஆப் சனி என்று சொல்லும். தேதி போனின் உள்ளூர் நேரப்படி மாறுகிறதா என்று காலையில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். மூன்றாவது எழுத்து. மண்டேய எழுத்து 2010-இல் யூனிகோட் 6.0-இல் சேர்ந்துவிட்டது, நோட்டோ சான்ஸ் மண்டாயிக் போன்ற இலவச எழுத்துருவும் உண்டு. ஆனாலும் பழைய போன்களில் எழுத்துரு இல்லாமல் வெறும் கட்டங்களாகத் தெரியும். எழுத்துருவை ஆப்புக்குள்ளேயே வைத்திருக்கிறார்களா என்று பாருங்கள். வலமிருந்து இடமாகப் போகும் எழுத்தோடு எண்களைக் கலக்கும்போது "26-30" என்பது "30-26" என்று புரண்டு தெரிவதும் அடிக்கடி நடக்கிறது.

எக்செல்லில் நீங்களே செய்வது கடினமில்லை. உங்கள் மந்தி அறிவித்த தவ்லா 1-இன் ஆங்கிலத் தேதியை ஒரு கட்டத்தில் எழுதுங்கள். வேண்டிய தேதியிலிருந்து அதைக் கழித்து, 365-ஆல் வகுத்த மீதியை எடுங்கள். மீதி 0 முதல் 239 வரை என்றால், அதை 30-ஆல் வகுத்த ஈவோடு ஒன்று கூட்டினால் மாத எண், மீதியோடு ஒன்று கூட்டினால் நாள். 240 முதல் 244 வரை பர்வானாயா, 239-ஐக் கழித்தால் எத்தனையாவது நாள் என்று கிடைக்கும். 245-உம் அதற்கு மேலும் என்றால் முதலில் 5-ஐக் கழித்துவிட்டு முன்போலவே 30-ஆல் வகுக்க வேண்டும். பிழை நேர்வது இந்த 5-ஐக் கழிக்க மறப்பதில்தான். மறந்தால் கைனா 1-க்குப் பதில் கைனா 6 என்று காட்டும், ஹத்தியா 1-இல் வரவேண்டிய தெஹ்வா தைமானா ஐந்து நாள் முன்னதாகவே வந்துவிடும். லீப் ஆண்டுக்கென்று தனி விதி எதையும் சேர்க்காதீர்கள். தேதிகளைக் கழிக்கும்போதே எக்செல் பிப்ரவரி 29-ஐ எண்ணிக்கொள்கிறது. அதற்கு மேல் நீங்கள் ஒரு திருத்தம் போட்டால் இரட்டைத் திருத்தமாகிவிடும்.

பழைய பிறந்தநாட்களை மாற்றும்போது பர்வானாயாவில் பிறந்தவர்களைக் கவனியுங்கள். சில மாற்றிகள் அந்த ஐந்து நாளை ஷும்புல்தாவோடோ கைனாவோடோ ஒட்டிவிடுகின்றன. விடை "பர்வானாயா 3" என்றால் அப்படியே எழுதிக்கொண்டு குருவிடம் காட்டுங்கள், நீங்களாக ஒரு மாதத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டாம். நள்ளிரவை ஒட்டிய பிறப்பானால் மணியையும் சேர்த்து எழுதுங்கள், பெயர்க் கணக்கில் மணிக்கும் பங்குண்டு.

எந்த வகையை வாங்கினாலும் தவ்லா 1-ஐ உங்கள் மந்தியின் அறிவிப்போடு ஒப்பிட்ட பிறகே சுவரில் மாட்டுங்கள். அந்த நாளுக்கு முந்திய மாலையிலிருந்து 36 மணி நேரம் வீட்டுக்குள்ளேயே இருந்து, ஓடும் நீரைத் தொடாமல், முன்கூட்டியே பிடித்துவைத்த நீரையும் சமைத்துவைத்த உணவையும் கொண்டே கழிக்க வேண்டும். நீர் பிடிக்கவும் வீட்டைத் துப்புரவாக்கவும் உரிய நாள் கத்யா 30. காலண்டர் ஒரு நாள் பிந்தியிருந்தால் அந்தக் கத்யா 30 கைநழுவிப் போகும், குடம் காலியாக இருக்கும்போதே தவ்லா பிறந்துவிடும்.